ஆஸ்பத்திரி சீரியலும் ஆர்மின் முல்லர்-ஷ்டாலும்

மகள்,

வொய்ஸ் மெசேஜ் போட்டா நீ அதை ஒண்டரை மடங்கு வேகத்தில ஓடவிட்டு பாதியில நிப்பாட்டிப்போடுவாய் எண்டு எனக்குத் தெரியும், அதால ஆறுதலா இருந்து எழுதுறன். எழுத்துப்பிழை இருந்தா கண்டுகொள்ளாத, இந்த ஃபோன் தன்ர பாட்டுக்கு மாத்துது.

நீ அண்டைக்கு அழுதழுது சொன்ன ரெண்டு விசயமும் மண்டைக்குள்ளயே நிக்குது. ஒண்டு, அந்த ஆஸ்பத்திரி சீரியலில நேர்ஸ் வேசம், ரெண்டு வருச கொன்ட்ராக்ட். மற்றது, அந்தப் படத்தில அகதிப் பொம்பிளை, டொய்ச்சை உடைச்சு உடைச்சுக் கதைக்கச் சொல்லிக் கேட்டவை, டோர்ட்முண்டில பிறந்து என்னையே பிழை திருத்திற உன்னைப் போய். கோவம் வரத்தான் செய்யும், எனக்கும் வந்தது. ஆனா நீ கடைசியில ஒரு வசனம் சொன்னாய் பார், "முல்லர்-ஷ்டால் ஷ்வார்ட்ஸ்வால்ட்கிளினிக்கையே வேண்டாம் எண்டு போனவர் அம்மா, நான் ஏன் போய் உந்தச் சீரியலில நிக்கோணும்" எண்டு, அதுக்குத்தான் இந்தக் கடிதம். ஆர்மின் முல்லர்-ஷ்டால் எண்ட அந்த ஜேர்மன் நடிகரைப் பற்றி உனக்கு அந்த ஒரு வரிதான் தெரியும் போல கிடக்கு. எனக்கு அவரை நாப்பது வருசமாத் தெரியும், அதாவது ரீவிக்குள்ளால.

ஷ்வார்ட்ஸ்வால்ட்கிளினிக் எண்ட அந்தப் பழைய ஆஸ்பத்திரி சீரியல் உங்களுக்கு இப்ப பகிடி. 1985 ஒக்டோபரில அது துவங்கேக்க நாங்கள் அகதி ஹைமில இருந்தனாங்கள், வேலை செய்யவும் விடேல்ல, ஊரை விட்டு வெளிக்கிடவும் கடதாசி வேணும், பொதுவான அறையில ஒரு ரீவி. சனிக்கிழமை பின்னேரம் கானாக்காரர், ஈரான்காரர், நாங்கள் எல்லாரும் கதிரையை இழுத்துப் போட்டிட்டு அந்த டொக்டர் பிரிங்க்மானைப் பாப்பம். விளங்கினதோ இல்லையோ பாப்பம், முழு ஜேர்மனியும் அப்ப அதைத்தான் பாத்தது. நான் டொய்ச் படிச்சது அதிலதான், "ஸ்வெஸ்டர், பிட்ட", அதாவது "நேர்ஸ், தயவுசெய்து" எண்டெல்லாம். பிறகு முதியோர் இல்லத்தில எனக்கு அது கைகுடுத்தது எண்டு சொன்னா நீ சிரிப்பாய். ஓம், அந்தப் பிரிங்க்மான் பாத்திரத்துக்கு முதல் முல்லர்-ஷ்டாலைக் கேட்டது உண்மைதான், அவர் மாட்டன் எண்டதும் உண்மைதான். ஆனா ஏன் மாட்டன் எண்டார், அதுக்கு முன்னம் என்ன செய்துகொண்டிருந்தவர் எண்டு பாக்கோணும் எல்லோ.

முதியோர் இல்லத்தில எனக்கு ஒரு கிழவி இருந்தவ, ஈஸ்ட் பிரஷியாவில இருந்து 45இல குதிரை வண்டியில ஓடி வந்தவ. முல்லர்-ஷ்டால் ரீவியில வந்தா உடன "எங்கட ஊர்ப் பெடியன்" எண்டு கையைத் தட்டுவா. பெடியனுக்கு அப்ப எழுவது வயசு. அவர் பிறந்தது தில்சித்தில, 1930 டிசம்பர் 17. அந்த ஊர் இப்ப ரஷ்யாவில, சோவெட்ஸ்க் எண்டு பேர். தகப்பன் பாங்கில காசாளர், சண்டையின்ர கடைசி வருசத்தில செத்துப்போனார், தாய் ஐஞ்சு பிள்ளையளை வைச்சுக்கொண்டு சமாளிச்சவ. பிறந்த ஊர் வேற நாடாப் போச்சு, பேரும் மாறிப்போச்சு, திரும்பிப் போக வழி இல்லை. நடிப்பு என்னத்துக்கு, உந்த ஒரு விசயம் போதும் எனக்கு அந்த ஆளில ஒரு பிடிப்பு வர. 2011இல அந்த ஊர்க்காரர் அவரைக் கூப்பிட்டு கௌரவப் பிரஜை ஆக்கினவை, எண்பது வயசில. கிழவி அதுக்கு முன்னமே போயிட்டா, இருந்திருந்தா இல்லத்தில எல்லாருக்கும் கேக் வெட்டியிருப்பா.

அவர் முதல்ல நடிகரே இல்லை பிள்ளை. வயலின் வாசிச்சவர், பேர்லினில கொன்சர்வட்டோரியத்தில படிச்சு 1949இல சங்கீத வாத்தியார் ஆகிறதுக்குச் சோதினையும் பாஸ் பண்ணினவர். பிறகுதான் கிழக்கு பேர்லினில நடிப்புப் பள்ளிக்கூடத்தில சேந்தார். ஒரு வருசத்தில அவையள் திருப்பி அனுப்பிப்போட்டினம், என்ன காரணம் தெரியுமோ, திறமை காணாதாம்! நீ கஸ்டிங்கில அந்த ஆள் ஃபோனைப் பாத்துக்கொண்டு இருந்தவர் எண்டு அழுதாய், இவருக்குப் பள்ளிக்கூடமே எழுத்தில குடுத்து அனுப்பினது. அவர் போய் 1952இல ஷிஃப்பவுவர்டாம் தியேட்டரில சேந்தார். அந்தத் தியேட்டர் எங்க இருக்கு எண்டு உனக்கு நான் சொல்லத் தேவையில்லை, நீ வேலைக்குப் போகேக்க தினமும் பாக்கிறாய். ஆனா ஒண்டு சொல்லுறன். 85 துவக்கத்தில நானும் சின்ன மாமாவும் ஷோனபெல்ட் ஏர்போர்ட்டில இறங்கி, கிழக்கு பேர்லினுக்குள்ளால வந்து, ஃப்ரீட்ரிஷ்ஸ்ட்ராஸ ஸ்டேசனில எஸ்-பான் ஏறித்தான் மேற்குக்கு வந்தனாங்கள், அந்த நேரம் எங்கட ஆக்கள் கனபேர் அப்பிடித்தான் வந்தது. அந்த ஸ்டேசனில இருந்து ஆத்துக்கு அங்கால பாத்தா அந்தத் தியேட்டர் நிக்குது. எனக்கு அப்ப அது தியேட்டர் எண்டும் தெரியாது, குளிரில கண்ணும் தெரியேல்ல.

1954இல அந்தக் குழுவோட சேந்து ஃபோல்க்ஸ்ப்யூன எண்ட தியேட்டருக்குப் போனார். அங்க கிட்டத்தட்ட இருவத்தஞ்சு வருசம். இதை நீ வடிவா வாசி. இருவத்தஞ்சு வருசம் ஒரே மேடை, மாசச் சம்பளம், இரவில நாடகம், பகலில டேஃபா எண்ட அரசாங்கப் பட ஸ்ரூடியோவில படம், இடையில ரீவி. நீங்கள் இப்ப "ஃப்ரீலான்ஸ்" எண்டு பெருமையாச் சொல்லுற சீவியம் அவருக்கு அப்ப இல்லை. அவர் வடிவா மெருகேறினது அந்த நாளாந்த வேலையில எண்டுதான் நான் நினைக்கிறன். ஃப்ராங்க் பையர் எண்ட டைரக்டரோட 1960இல ஸ்பெயின் சண்டையைப் பற்றி ஒரு படம், ஐஞ்சு தோட்டா எண்டு பேர் வரும், அதில நடிகர் மன்ஃப்ரெட் க்ரூக்கும் இருக்கிறார். பிறகு 62இல ஒரு காதல் படம், 63இல புகன்வால்ட் முகாமில ஒளிச்சு வைச்ச ஒரு குழந்தையைப் பற்றின படம். 65இல ஃபல்லாடாவின்ர நாவலை ரீவிக்கு எடுத்தவை, அதில கதாநாயகன். கிழக்கில சனம் வருசா வருசம் தங்களுக்குப் பிடிச்ச நடிகர் எண்டு அவரைத்தான் வாக்குப் போட்டுத் தெரிவு செய்தது.

இப்ப முக்கியமான இடத்துக்கு வாறன். 1973இல அங்கத்த ரீவியில ஒரு உளவாளி சீரியல் துவங்கினது, "கண்ணுக்குத் தெரியாத முகமூடி" எண்ட மாதிரி ஒரு பேர். ஷ்டாசி எண்ட அங்கத்த உளவுப் பொலிஸ்காரரை வீரரா காட்டிற சீரியல், அதில உளவாளி நம்ம ஆள்தான். மேற்குக்குள்ள புகுந்து நாசிக்காரரையும் சிஐஏயையும் பிடிக்கிறவர், நல்ல கோட், நல்ல கார். கிழக்கு ஜேர்மனியின்ர ஜேம்ஸ் பொண்ட் எண்டு சொல்லுவினம். 1976 வரைக்கும் ஒன்பது பகுதியில நடிச்சவர். அதாவது மகள், நீ சொல்லுற மாதிரி அவர் சீரியலைக் கையாலயும் தொடாத மனுசன் இல்லை. சீரியலுக்குள்ள போய், அதில நாடு முழுக்கப் பேர் எடுத்து, அது ஆளை என்ன செய்யும் எண்டு உள்ள இருந்து பாத்துட்டு வந்த மனுசன். பிரிங்க்மானை மாட்டன் எண்டது அதுக்குப் பிறகு.

அதே காலத்திலதான் யாக்கோப் எண்ட பொய்யனைப் பற்றின படம், யூரேக் பெக்கர் எழுதினது, இதுவும் ஃப்ராங்க் பையர்தான். சினிமா எண்டு எல்லாரும் கொண்டாடுறம், ஆனா அதை டேஃபாவும் ரீவியும் சேந்து எடுத்தது, 1974 டிசம்பரில முதல் போட்டது ரீவியிலதான், தியேட்டருக்கு வந்தது பேந்து. கிழக்கு ஜேர்மனியில இருந்து ஒஸ்காருக்கு நொமினேட் ஆன ஒரே படம் அது. இருவத்தஞ்சு வருசம் கழிச்சு 1999இல ஹொலிவூட்டில ரொபின் வில்லியம்ஸை வைச்சுத் திருப்பி எடுத்தினம், அதில கிழட்டு டொக்டரா வந்து நிக்கிறது திருப்பியும் இவர்தான். ரெண்டையும் அடுத்தடுத்துப் பார், நாசிக்காரர் யூதரை அடைச்சு வைச்ச ஒரே கெட்டோ, ஒரே கதை, ஒரே ஆள் ரெண்டு வயசில. எனக்குப் பழசுதான் பிடிக்கும். புதுசில மியூசிக் கூடிப்போச்சு.

1976 நவம்பரில வொல்ஃப் பியர்மான் எண்ட பாட்டுக்காரர் கொல்னில கச்சேரிக்குப் போன இடத்தில, நீ இனி வீட்ட வரேலாது எண்டு கிழக்கு அரசாங்கம் குடியுரிமையைப் பறிச்சுப்போட்டுது. எழுத்தாளர் பன்ரண்டு பேர் எதிர்ப்புக் கடிதம் எழுதினவை, பெக்கரும் அதில ஒராள். பிறகு நடிகர், பாட்டுக்காரர் எண்டு ஒவ்வொருத்தரா கையெழுத்துப் போட்டினம், முல்லர்-ஷ்டாலும் போட்டார். நாப்பத்தஞ்சு வயசு, சின்னப் பிள்ளை வீட்டில, மனுசி தோல் டொக்டர், நல்ல வீடு, நாட்டில முதலாம் நடிகர். ஒரு கையெழுத்து. அதுக்குப் பிறகு ஃபோன் அடிக்கிறது நிண்டுபோச்சு. ஒருத்தரும் "உனக்குத் தடை" எண்டு சொல்லேல்ல, பாத்திரம் மட்டும் வாறேல்ல. 78இல ஃப்ராங்க் பையர் எடுத்த ஒரு ரீவி படத்தில யூட்டா ஹொஃப்மானோட நடிச்சவர், கலியாணம் கட்டின ரெண்டு பேர் லீவில போய் ஒருத்தரை ஒருத்தர் பிச்சுப் பிடுங்கிற கதை, அதை இரவு பிந்திப் போட்டிட்டுப் பெட்டிக்குள்ள வைச்சிட்டினம். சும்மா இருந்த அந்த நேரத்தில மனுசன் ஒரு நாவல் எழுதினார். 1980இல வெளியேறிற பேப்பர் கிடைச்சு மேற்கு பேர்லினுக்கு வந்தார், அம்பது வயசு முட்டுற நேரம்.

க்ரூக் அவருக்கு முன்னம் 77இலயே வந்திட்டார். அவரைத்தான் உனக்கு நல்லாத் தெரியும், ஹம்பேர்க் டாட்டோர்ட் பொலிஸ் சீரியலில பாடிக்கொண்டு திரிஞ்ச கொமிசார். அவர் மேற்கில வந்து ரீவி சீரியல், துப்பறியிற கிரிமி எண்டு நிலைச்சிட்டார், அதில ஒரு குறையும் இல்லை, அப்பாவுக்கு இண்டைக்கும் அவர்தான் பெரிய நடிகர், சண்டைக்கு வருவார். ஒரே கையெழுத்து, ஒரே இடத்தில இருந்து வெளிக்கிட்ட ரெண்டு பேர், ஒருத்தர் சீரியலைப் பிடிச்சார், ஒருத்தர் விட்டார், ரெண்டு பேரும் நல்ல வேலை செய்தினம். இதுக்கு நீ என்ன சொல்லுறாய்? அவரை மட்டும் ஏன் உதாரணம் காட்டேல்ல?

சரி, பிரிங்க்மானுக்கு வருவம். மேற்குக்கு வந்த உடன அவருக்கு டைரக்டர் ஃபாஸ்பிண்டர் கிடைச்சார். 1981இல லோலா, அதில நகரசபைக் கட்டடப் பகுதிக்குப் புதுசா வாற நேர்மையான பெரியவர், ஒரு பாட்டுக்காரியில மனசைக் குடுத்திட்டு ஊர்க் களவுக்குள்ள மெல்ல மெல்ல அமிழுற ஆள். அந்தப் படத்துக்கு அவருக்கு ஜேர்மன் ஃபில்ம் பிரைஸ் கிடைச்சது. அடுத்த வருசம் வெரோனிக்கா ஃபொஸ். பிறகு ஹங்கேரிக்காரர் சபோவோட ஒரு படம், போலந்துக்காரி அக்னியெஷ்கா ஹொலண்டோட ஒரு படம், அதில சண்டைக்காலத்தில ஒரு யூதப் பெண்ணை நிலவறையில ஒளிச்சு வைச்சிருக்கிற கமக்காரன், நல்லவனா கெட்டவனா எண்டு கடைசி வரைக்கும் எனக்குப் பிடிபடேல்ல, அதுக்கு மொன்ட்ரியோலில பரிசு. இப்பிடி வேலை வந்துகொண்டிருக்கிற ஆள்தான் பிரிங்க்மானை விட்டவர். தட்டில சோறு இருக்கேக்க பாயாசம் வேண்டாம் எண்டு சொல்லுறது சுகம் பிள்ளை. உனக்கு இப்ப கையில என்ன இருக்கு? பின்னேரம் கஃபேயில கோப்பை தூக்கிற வேலையும், பிள்ளையளுக்கு நாடகம் பழக்கிறதும்.

நீ சின்னனில மோமோ படத்துக்குப் பயந்து சோபாவுக்குப் பின்னால ஒளிச்சது ஞாபகம் இருக்கோ, அந்தச் சாம்பல் உடுப்புக்காரரின்ர தலைவர், அதுவும் இவர்தான். உனக்கு இவர் இண்டைக்கு நேற்றுப் பழக்கம் இல்லை.

இனி ஆக்சென்ட் கதை. அமெரிக்காவுக்குப் போகேக்க அவருக்கு அம்பத்தாறு வயசு, 1987இல ஒரு ரீவி தொடரில ரஷ்ய ஜெனரல். பார், அங்கயும் முதல் கால் வைச்சது ரீவியில. பேந்து 89இல கொஸ்டா-காவ்ராஸின்ர மியூசிக் பொக்ஸ், ஹங்கேரியில இருந்து அமெரிக்காவுக்கு வந்து ஆலையில வேலை செய்து பிள்ளையளை வளத்த தகப்பன், அவரைப் போர்க் குற்றவாளி எண்டு வழக்குப் போடுறாங்கள், மகள் ஜெசிக்கா லாங் வக்கீல். தகப்பன் பேரனோட எவ்வளவு அன்பா இருக்கிறார் எண்டதையும் காட்டி, இவன் என்ன செய்தவன் எண்டதையும் சந்தேகமாவே வைச்சிருப்பார், ஒரு கண் சிமிட்டலில கூட விட்டுக்குடுக்க மாட்டார். அந்த ஆங்கிலம் முழுக்க ஆக்சென்ட். அவருக்கு வேற ஆங்கிலம் இல்லை, கடைசி வரைக்கும் அந்த நாக்கோடதான் நிண்டவர்.

90இல அவலோன். 1914இல அமெரிக்காவுக்கு வந்த போலந்து யூதக் குடும்பம், பால்டிமோரில. இவர் தாத்தா, சாம். நான் அதைப் பாத்து அழுத மாதிரி எங்கட ஆக்களின்ர படத்துக்குக் கூட அழுதிருக்க மாட்டன். அதில ஒரு காட்சி, பெருநாள் சாப்பாட்டுக்கு எல்லாரும் மேசையில, தமையன் வழக்கம் போலப் பிந்தி வாறார், பிள்ளையளுக்குப் பசி, பொறுக்கேலாமல் வான்கோழியை வெட்டிப்போட்டினம். தமையன் வந்து பாத்திட்டு, நான் இல்லாமல் வெட்டிப்போட்டியளோ எண்டு அப்பிடியே திரும்பி வெளிக்கிட்டிடுறார், குடும்பம் ரெண்டாப் பிரியுது. கலியாண வீட்டில பெரிய மாமாவுக்கு முன்னம் பந்தி வைச்ச கதை உனக்குத் தெரியும்தானே, பேந்து எத்தினை வருசம் கதைக்காமல் திரிஞ்சவை! நான் சொல்ல வந்தது என்னெண்டா, அந்தக் காட்சியில தமையன் கத்திறார், இவர் தெருவில நிண்டு முதல் சமாளிக்கப் பாக்கிறார், பிறகு இவரும் கத்திறார், அந்த மாறிற இடத்தை நிப்பாட்டி நிப்பாட்டிப் பார். தோளிலதான் துவங்குது, வாயில இல்லை.

91இல ஜார்முஷின்ர படம், ஒரே இரவில ஐஞ்சு ஊரில ஐஞ்சு டக்சி. நியூயோர்க் பகுதியில இவர் கிழக்கு ஜேர்மனியில இருந்து புதுசா வந்த டக்சிக்காரன், ஹெல்முட், முந்தி சேர்க்கசில கோமாளி. கறுப்பு இளைஞன் ஒருத்தன் புரூக்ளினுக்குப் போகோணும் எண்டு ஏறுறான், இவருக்கு ஓட்டோமற்றிக் கார் ஓட்டத் தெரியாது, ரெண்டு காலையும் வைச்சு மிதிக்க மிதிக்க கார் தவளை மாதிரிப் பாயுது. கடைசியில பயணி ஓட்டிறான், டக்சிக்காரன் பக்கத்து சீட்டில குந்தியிருந்து ஊர் பாத்துக்கொண்டு போறார். ரெண்டு பேரும் ஒருத்தற்ற பேரைக் கேட்டு ஒருத்தர் சிரிக்கிறினம். ரெண்டு குழலை ஒரே வாயில வைச்சு ஊதிக் காட்டுவார், சிவப்பு மூக்கை எடுத்துப் போடுவார். பயணியை இறக்கிவிட்டிட்டுத் தனிய வழி தெரியாமல் ஓட்டிக்கொண்டு போகேக்க அந்த முகத்தில சிரிப்பு மெதுவா வடிஞ்சு போகும்.

உன்னட்ட கேட்ட அந்த அகதிப் பொம்பிளையும் இதுவும் ஒண்டுதான், உடைஞ்ச பாசை, புது நாடு, ஒண்டும் தெரியாத ஆள். ஆனா ஹெல்முட்டைப் பாத்து நான் வெக்கப்படேல்ல, நானும் அப்பிடித்தானே டோர்ட்முண்டில யூ-பானில எதிர்ப் பக்கம் ஏறினனான். ஏனெண்டா அவனுக்கு ஒரு பழைய தொழில் இருக்கு, அதில கெட்டிக்காரன், பேரில ஒரு பெருமை, ஆரைப் பிடிக்கும் பிடிக்காது எண்டு ஒரு எண்ணம் இருக்கு. எழுதினவன் அதெல்லாம் எழுதி வைச்சிருக்கிறான், நடிச்சவர் அதைக் கண்டுபிடிச்சு எடுத்திருக்கிறார். நீ எனக்கு அனுப்பின ரெண்டு பக்கத்தில அந்தப் பொம்பிளைக்குப் பேர் கூட இல்லை மகள், "பெண், 35" எண்டு மட்டும் போட்டிருக்கு. அவ வாறா, அழுறா, பொலிஸ்காரனிட்ட "பிட்ட, பிட்ட" எண்டுறா, போறா. அவ ஊரில என்ன வேலை செய்தவ எண்டு அதை எழுதினவருக்கே தெரியாது. அதுக்குத்தான் கோவிக்கோணும், ஆக்சென்டுக்கு இல்லை. நீ டைரக்டரிட்ட அதைக் கேள். பேர் என்ன, படிச்சவவோ, ஆருக்காக வந்தவ, பொலிஸ்காரனைப் பாத்து அவவுக்குப் பயமா எரிச்சலா எண்டு கேள். பதில் வந்தா ஆக்சென்டோட போய் நடி, அதுக்கு என்னைப் பாத்துப் பழகலாம், காசும் வாங்கமாட்டன். ஒரு பதிலும் இல்லாட்டி விட்டிடு, அந்த இடத்தில நீ அவரை உதாரணம் காட்டலாம், நான் ஒண்டும் சொல்லமாட்டன்.

ஷைன் படத்துக்கு 97இல ஒஸ்காருக்குப் பேர் வந்தது, அறுவத்தாறு வயசில. பியானோ வாசிக்கிற மகனை அன்பாலயே நெரிக்கிற தகப்பன், அவுஸ்திரேலியாவில. பரிசு வேற ஆளுக்குப் போச்சு. அந்தப் படத்தைப் பாத்திட்டு நானும் அப்பாவும் உன்னை வயலின் கிளாசில இருந்து நிப்பாட்டினது உனக்குத் தெரியாது எல்லோ. அப்ப காரணம் பீஸ் கூட எண்டு சொன்னது, பீசும் கூடத்தான்.

அந்தப் பேரும் புகழும் வந்த பிறகு அவர் திரும்பி வந்து என்ன செய்தார் தெரியுமோ, ஜேர்மன் ரீவியில மூண்டு பகுதியா தோமஸ் மானின்ர குடும்பக் கதை, ஹைன்ரிஷ் ப்ரெலோவர் எடுத்தது, 2001இல ஆர்டேயில போட்டது. எழுவது வயசில தோமஸ் மான். ஆள் அப்பிடியே. பிள்ளையளோட சாப்பாட்டு மேசையில இருக்கிற அந்தத் தகப்பன் ஒண்டும் கதைக்காமல் எல்லாரையும் சின்னனாக்கிப்போடுவார். ஹொலிவூட் பாத்த ஆளுக்கு ரீவி கேவலமாத் தெரியேல்ல. 2007இல எழுவத்தாறு வயசில குரோனன்பேர்க்கின்ர படத்தில லண்டனில ரெஸ்டோரன்ட் நடத்திற ரஷ்ய மாஃபியாக் கிழவன், நீல நிறக் கண்ணால தாத்தா மாதிரி சிரிச்சுக்கொண்டே ஆளைக் குலைநடுங்க வைப்பார். அதில சின்னப் பிள்ளைக்கு வயலின் எப்பிடிப் பிடிக்கிறது எண்டு காட்டிற காட்சி ஒண்டு வரும். அது நடிப்பு இல்லை, 49ஆம் ஆண்டு படிச்ச படிப்பு. 2011இல பேர்லின் விழாவில கௌரவத் தங்கக் கரடி குடுத்தினம். இப்ப படமும் கீறுறவர், கண்காட்சி வைக்கிறவர், அது எனக்கு அவ்வளவு விளங்காது.

அப்ப சீரியலுக்கு நான் என்ன சொல்லுறன்? போ எண்டுதான் சொல்லுறன், ரெண்டு வருசத்துக்கு. ஒவ்வொரு நாளும் கமராவுக்கு முன்னால நிக்கிறது, ஒரு நாளைக்கு இத்தினை காட்சி எண்டு முடிச்சுக் குடுக்கிறது, சம்பளம், இன்சூரன்ஸ், பென்சன் கணக்கில மாசம் ஏறுறது, இதெல்லாம் அவருக்கு மேடை குடுத்தது, உனக்கு மேடை குடுக்கேல்ல, சீரியல் குடுக்கட்டும். நேர்ஸ் வேசம் எண்டு இளக்காரமா சொல்லாத, நான் இந்த வேலைதான் செய்தனான், ஊசி போடுற கையை எப்பிடிப் பிடிக்கிறது, படுத்திருக்கிற ஆளை முதுகு நோகாமல் எப்பிடித் திருப்பிறது எண்டு வந்து என்னட்டப் பழகு, அங்க டொக்டர் வேசம் போடுறவைக்கே ஸ்டெதஸ்கோப் பிடிக்கத் தெரியாது, ரீவியில பாக்கேக்க எனக்குப் பத்தும். ஆனா ரெண்டு வருசம் முடிய இன்னும் ரெண்டு எண்டு கேப்பினம், சம்பளத்தையும் கூட்டுவினம். அப்பதான் உன்ர முல்லர்-ஷ்டாலை ஞாபகம் வைச்சிரு, அவர் அந்த உளவாளியோட ஒன்பதில நிண்டவர்.

கொன்ட்ராக்டை கையெழுத்துப் போட முன்னம் எனக்குப் படம் எடுத்து அனுப்பு, சின்னண்ணா வக்கீலிட்டக் காட்டுவார். முக்கியமா இடையில வேற படத்துக்கு விடுவினமோ, மேடைக்கு விடுவினமோ, ஒரு வருசத்தில எத்தினை நாள் படப்பிடிப்பு, வேசத்தைச் சாகடிச்சா மிச்சச் சம்பளம் என்ன எண்டு பார். போன கிழமை தந்த கட்டாசம்பல் போத்திலைக் கழுவிக் கொண்டு வா, மூடியைத் துலைச்சுப் போடாத. ஹம் கோயில் தேருக்கு வாறாயோ இல்லையோ எண்டு செவ்வாய்க்கு முன்னம் சொல்லு, அப்பா றூம் போடோணும்.

அம்மா